விரிசலின் குறுக்கே

மனைவி அமலோற்பவம் வைத்த டீ கொதிப்பதற்குள் சூசை அடுக்களைச் சுவர் விரிசலின் குறுக்கே மெல்லிய கண்ணாடித் துண்டொன்றை ஒட்டினான்.

"சுவர் நகந்தா இது உடையும், உடனே வெளிய ஓடிரு. குவாரிப் பாறையில ஒட்டுனது நேத்தே உடைஞ்சுபோச்சு. மேனேஜர்கிட்ட சொல்லிட்டேன்."

அன்று மதியம் பாறை அவன்மேல் சரிந்தது.

அடக்கம் முடிந்ததும் மேனேஜர் வீட்டுக்கு வந்தார். "விசாரணையில, பாறை திடீர்னு விழுந்துருச்சுன்னு மட்டும் சொல்லும்மா."

"திடீர்னு விழல சார்," என்றாள் அமலோற்பவம். "கொஞ்சம் கொஞ்சமா நகந்து, கண்ணாடிய உடைச்சுச் சொல்லிச்சு. இவரும் சொன்னாரு. ஒங்களுக்குத்தான் காது கேக்கல. அதத்தான் அங்கயும் சொல்லுவேன்."

அவர் குரல் மாறியது. "இது குவாரி வீடு. சுவர் விரிசல் விட்டு ஆபத்தா இருக்கு. காலி பண்ணணும்."

அவள் விலகி நின்று அடுக்களைச் சுவரைக் காட்டினாள். சூசை ஒட்டிய கண்ணாடியில் ஒரு கீறல்கூட இல்லை.