டன்லி பெண்டில் ஓர் இடம்

டெல்பர்ட்டின் கையில் இருந்த இரண்டு கம்பிகளும் மறுபடி குறுக்காகச் சேர்ந்தன. அங்கேயும் ஆள் இருக்கிறார்.

வேலிக்கம்பியை வளைத்து, கைக்கு ஒன்றாகத் தளர்வாகப் பிடித்துக்கொண்டு நடந்தால், கீழே ஆள் படுத்திருக்கும் இடத்தில் கம்பிகள் தாமாகச் சாயும். கல் இல்லாத புதைகுழிகளை அந்தப் பக்கத்தில் அப்படித்தான் கண்டுபிடிப்பார்கள்.

டெல்பர்ட்டின் மனைவி ஆர்டித் முந்தாநாள் இறந்துபோனாள். பிறந்த ஊரிலேயே புதைக்க வேண்டும் என்று அவரிடம் சத்தியம் வாங்கியிருந்தாள். ஆற்று வளைவில் இருந்த அந்த டன்லி பெண்ட் ஊர் காலியாகி ஐம்பது வருஷம் ஆகிறது. தேவாலயம் இல்லை, மாவு ஆலை இல்லை. சோள வயலுக்கு நடுவே இந்தக் கல்லறைத் தோட்டம் மட்டும். பத்து மணிக்குக் குழி வெட்டுகிறவன் வந்துவிடுவான்.

"அவ உசுரோட இருந்தப்ப ஒரு அலமாரி வைக்க எடம் பாத்துக் குடுக்கல. இப்பவாவது நல்லாப் பாருங்க அத்தான்," என்றாள் வண்டியின் பின்பலகையில் உட்கார்ந்திருந்த அவள் தங்கை லவீனா. அழுதழுது கண் வீங்கியிருந்தது.

வேலிக்குள் இடமில்லை. வேண்டுமானால் வேலியை எட்டடி தள்ளிப் போட்டுக்கொள்ளுங்கள் என்று வயல்காரர் சொல்லியிருந்தார். டெல்பர்ட் வேலியைத் தாண்டினார்.

கம்பிகள் சேர்ந்தன.

நாலடி வைத்தார். மறுபடி சேர்ந்தன. அறுத்த சோளத்தட்டைகளுக்கு நடுவே நடந்துகொண்டே போனார். ஆற்றங்கரை வரைக்கும் அவை பிரிவதும் சேர்வதுமாகவே இருந்தன.

வெள்ளையர் வருவதற்கு முன்னால் ஷானி என்ற பூர்வகுடி மக்களின் ஊர் அங்கே இருந்தது என்பது அவருக்குத் தெரியாததல்ல. சின்ன வயதில் உழவுச்சாலில் பொறுக்கிய அம்பு முனைகள் இன்னும் காப்பி டப்பாவில் கிடக்கின்றன. அம்புகளை நினைத்திருக்கிறார்; ஆட்களை நினைத்ததே இல்லை. இத்தனை பேரா? எத்தனை தலைமுறை? கைக்குழந்தைகள்கூட இருக்குமே.

தொப்பியைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொண்டு, கம்பிகளைப் பிடித்தபடியே, யாரையும் மிதித்துவிடக் கூடாதே என்று பார்த்துப் பார்த்துத் திரும்பி வந்தார்.

கல்லறைத் தோட்டத்து வாசல் கதவுக்குப் பக்கத்தில் கம்பிகள் பிரிந்தன. ஓர் ஆள் நீளத்துக்கு நேராகவே நின்றன. பின்னால் போய் மறுபடி நடந்தார். அப்போதும் நேராகத்தான் நின்றன.

நிமிர்ந்து பார்த்தார். அவருடைய பாட்டனுக்குப் பாட்டன், ஊரை உண்டாக்கிய ஏசா டன்லியின் கல், ஆள் உயரத்துக்கு. அந்த இடத்தில் மட்டும் அவர் காலையில் கம்பி பிடித்துப் பார்க்கவில்லை. அங்கே யார் இருக்கிறார் என்பதுதான் ஊருக்கே தெரியுமே.

'இந்த மண்ணின் முதல் மனிதர் இங்கே உறங்குகிறார்' என்று அதில் வெட்டியிருந்தது.

"லவீனா, இங்க வா," என்றார். "இங்க யாருமே இல்ல."