ஒரு ஃபைல் குறைகிறது

"கையைக் கீழ வைங்க சார், கிளிப் மாட்டணும்!"

நர்ஸ் ஷெர்லின் கெஞ்சினாள். கட்டிலில் கிடந்தவர் கேட்பதாக இல்லை. முகத்தில் ஆக்சிஜன் மாஸ்க், சட்டையெல்லாம் வியர்வை. இடது கையால் நெஞ்சைப் பிசைந்துகொண்டு, இறுக மூடிய வலது கையை அவள் பக்கம் நீட்டி நீட்டி ஆட்டினார். யாரோ ஓர் ஆட்டோக்காரர் கைத்தாங்கலாகக் கொண்டுவந்து படுக்க வைத்துவிட்டுப் போயிருந்தார். பேர், ஊர் சொல்லும் நிலையில் நோயாளி இல்லை.

"திரையில கோடு வருதா, இல்லையா?" டாக்டர் கமர் ஜஹான் அதட்டினார்.

"வரல டாக்டர். ஒரு ஃபைல் இல்லைன்னே காட்டுது."

பாலக்கரையில் இருந்த அந்தச் சின்னக் கிளினிக்குக்கு ஒரே ஒரு இ.சி.ஜி. மெஷின்தான். அதுவும் யூ.எஸ்.பி. வயரில் கம்ப்யூட்டரோடு சேர்ந்தது. கம்ப்யூட்டர் கண் திறந்தால்தான் நோயாளியின் நெஞ்சு தெரியும்.

"நேத்து வரைக்கும் இருந்த ஃபைல் எங்க போச்சு?"

ஷெர்லின் திரையைக் காட்டினாள். "வயர்ல மெஷின் சொல்றதைக் கம்ப்யூட்டருக்குப் புரிய வைக்கிற ஃபைலாம் அது. காலையில ஆன்ட்டி வைரஸ் அதைப் போய் வைரஸ்னு சொல்லிச்சு. அழிக்கவான்னு கேட்டுச்சு. நான் சரின்னு அமுக்கிட்டேன்."

"நல்லா அமுக்கின போ! இது வாயுவா, மாரடைப்பான்னு தெரியாம நான் எப்படி ரத்தக் கட்டியைக் கரைக்கிற ஊசி போடுறது? தப்பாப் போட்டா ரத்தம் கசிஞ்சே ஆளு போயிடுவாரு. 108 வேற மேலப்புதூர் டிராஃபிக்ல நிக்குதாம். அந்த சர்வீஸ் இன்ஜினியர் எங்க?"

"ஸ்ரீரங்கத்துல இருந்து கிளம்பிட்டாராம். எப்பவும் வீட்டுல இருந்தே நெட்டுல நம்ம கம்ப்யூட்டருக்குள்ள வந்து சரி பண்ணிடுவாரு. இன்னைக்கு ரோட்டைத் தோண்டி கேபிளை அறுத்துட்டாங்களே! நம்ம மெஷினுக்குன்னு தனி ஃபைலாம், கண்டதை இறக்கிப் போட்டுடாதீங்க, நானே கொண்டு வரேன்னாரு."

"போன் போடு!"

மணி அடித்துக்கொண்டே இருந்தது. யாரும் எடுக்கவில்லை. மறுபடியும் போட்டாள். அவசரத்துக்கு அண்டாவுக்குள்ளேயும் கை நுழையாது என்பது சரிதான்.

"எடுக்கவே மாட்டேங்கிறான் டாக்டர்! எங்கயாவது டீக்கடையில நின்னு கதையளந்துக்கிட்டு இருப்பான். பொறுப்பில்லாத மனுஷன்!"

கட்டிலில் கிடந்தவர் தலையைப் பலமாக ஆட்டினார். மூடிய கை மறுபடி அவள் வயிற்றில் வந்து இடித்தது. மாட்டியிருந்த கிளிப் தெறித்துக் கீழே விழுந்தது.

"வலியில பண்றாரு. இப்படி ஆட்டினா கோடு வந்தாலும் உதவாது. அந்தக் கையைக் கட்டு" என்றார் டாக்டர்.

ஷெர்லினுக்கு மனசே வரவில்லை. ஆனாலும் பேண்டேஜ் துணியால் அந்த மணிக்கட்டைக் கட்டில் கம்பியோடு சேர்த்துக் கட்டினாள். அவர் கண்ணோரம் நீர் வழிந்தது.

"பல்ஸ் இறங்குது ஷெர்லின். யா அல்லாஹ்... இன்னொரு தடவை போடும்மா!"

இந்த முறை போன் எடுக்கப்பட்டது. ஷெர்லின் கத்தினாள்: "சுரேஷ்குமார் சார்! எங்க இருக்கீங்க? இங்க ஒரு உயிர் போய்க்கிட்டிருக்கு!"

"அம்மா, நான் ஆட்டோ டிரைவர் குத்புதீன் பேசுறேங்க. இந்த போன் என் வண்டி சீட்டுக்கு அடியில கிடந்துச்சு."

"அப்ப போன்காரர் எங்க?"

"ஸ்ரீரங்கத்துல ஏறினாருங்க. காவிரிப் பாலம் தாண்டுறப்பவே நெஞ்சு வலிக்குதுன்னாரு. பெரியாஸ்பத்திரிக்குத் திருப்பவான்னு கேட்டேன். வேணாம், பாலக்கரை கிளினிக்குக்கே போங்க, என்னை நம்பி ஒரு மெஷின் நிக்குதுன்னுட்டாரு. இப்பத்தாங்க அங்க படுக்க வச்சிட்டு வரேன்."

ஷெர்லின் போனைப் போட்டுவிட்டுக் கட்டிலுக்கு ஓடினாள். தான் போட்ட கட்டைத் தானே பிய்த்துப் பிய்த்து அவிழ்த்தாள்.

இறுகியிருந்த விரல்கள் மெல்ல விரிந்தன. வியர்வையில் நனைந்த அந்த உள்ளங்கையில் ஒரு பென் டிரைவ் இருந்தது.