சிரித்த பூஜ்யம்

விளையாட்டு விழா மைதானத்து வாசலில் பதக்கப் பலகை நின்றது. எண் தகடுகளை அதில் ஆணியில் மாட்டியிருந்தார்கள். முதல் வரிசையில் ஆற்றுநாடு, தங்கம் 49. கடைசி வரிசையில் மலைநாடு, தங்கம் 0.

"ஒன்பது நாளா அதே ஆணியில தொங்குறியே, வெட்கமா இல்ல?" என்று மேலிருந்து ஒன்பது கேட்டது.

"எனக்கென்ன குறை? ஈட்டி எறியிற மாதேவி தினமும் என்னைப் பார்க்க வர்றா. நேத்து சாக்பீஸால கண்ணும் வாயும் வரைஞ்சுவிட்டா. 'நாளைக்குப் பார்க்கலாம்'னு சொல்லிட்டுப் போனா" என்றது பூஜ்யம்.

கடைசி நாளில் மாதேவி தங்கம் வென்றாள். பலகைக்காரர் பூஜ்யத்தைக் கழற்றிவிட்டு அங்கே ஒன்றை மாட்டினார். மலைநாடு அப்போதும் கடைசிதான். அந்த நேரம் பார்த்து ஆற்றுநாட்டுக்கும் இன்னொரு தங்கம் வந்தது. அவர் ஏணியில் ஏறி, நாலையும் ஒன்பதையும் எடுத்துப் பெட்டியில் போட்டார். ஐந்தை மாட்டி, பக்கத்தில் கையிலிருந்த பூஜ்யத்தை மாட்டினார்.

படமெடுக்க வந்த ஆற்றுநாட்டு மேலாளர் முகம் சுளித்தார். "என்னய்யா இது, எங்க ஐம்பது பல்லைக் காட்டுது? துடைங்க!"

"ஏணியை வண்டியில ஏத்தியாச்சு சார்."

கீழே மலைநாட்டுப் பெண்கள் தங்கள் வரிசையின் புது ஒன்றுக்கு முன்னால் குதித்துக்கொண்டிருந்தார்கள். மாதேவி மட்டும் அண்ணாந்து பார்த்தாள்.

"ஏய், அங்க பாருங்கடி! நம்ம ஆளு முதலிடத்துல இருக்கான்!"

பூஜ்யம் அவளைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே இருந்தது.