துமிக்கு ஓர் அர்ச்சனை

ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் சன்னதி வரிசையில், ஆறு மாத வயிற்றோடு நின்ற யுவராணி முன்னால் நின்ற வெள்ளத்தாயிடம் பேச்சுக் கொடுத்தாள்.

"யாருக்கு அர்ச்சனை, பெரியம்மா?"

"எம் மகளுக்கு. இதுக்குன்னே ராஜபாளையத்துலருந்து வாரேன். பேரு துமி."

"துமியா? அப்படின்னா?"

"சன்னலோரம் நிக்கையில மழை மூஞ்சில பொடிப்பொடியாத் தெறிக்கும்லா, அந்தத் துளி."

"எம்புட்டு அழகா இருக்கு! எனக்குப் பொண்ணு பொறந்தா வச்சுக்கிடவா?"

வெள்ளத்தாய் அர்ச்சனைத் தட்டை மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"வேண்டாம் தாயி. எத்தனையோ பேரைக் கழிச்சுப்போட்டுத் தேடி எடுத்தது. அவளுக்கு மட்டுமே இருக்கட்டும்."

பட்டர் வந்தார். "பேர்?"

"துமி."

"நட்சத்திரம்?"

வெள்ளத்தாய் விழித்தாள்.

"பெத்தவளுக்கே மறந்துபோச்சா? பிறந்த தேதியைச் சொல்லும்மா, பார்த்துக்கலாம்."

நரைத்த தலை குனிந்தது.

"அவ பொறக்கவே இல்ல சாமி. கல்யாணமான வருசம் எடுத்துவச்ச பேரு. ஒரு தடவையாச்சும் யாராச்சும் சத்தமாச் சொல்லிக் கேக்கணும்னு இருந்துச்சு."

வெள்ளத்தாய் மெல்லத் திரும்பி, தட்டை யுவராணியின் கையில் வைத்தாள்.

"பேரை நீயே வச்சுக்கோட்டி. பொம்பளப் பிள்ளை பொறந்தா, ராஜபாளையம் வரைக்கும் கேக்குற மாதிரி கூப்பிடு."