பாகத் தகராறு

“உன் கால் இந்த மண்ணுல பட்டுச்சு, கடப்பாறையாலயே போடுவேன்டி!”

வெல்டர் அண்ணன் நிஜமாகவே கடப்பாறையைத் தூக்கிவிட்டான். தையல்காரத் தங்கை ஓர் அடிகூடப் பின்வாங்கவில்லை.

“போடு பார்ப்போம்! அப்பா உனக்கு மட்டுமா அப்பா? பாதி மனை என்னோடது!”

ஏட்டு அலறியடித்துக்கொண்டு நடுவில் புகுந்தார். தாயும் பிள்ளையும் ஆனாலும் வாயும் வயிறும் வேறுதான்; அதற்காக இப்படியா? வழக்கு முடியும்வரை இந்தப் பொட்டல் மனைக்குப் போலீஸ் காவல் போடச் சொல்லிக் கோர்ட் உத்தரவிட்டதிலிருந்து அவருக்கு நிம்மதி போயிற்று. கிழிந்த குடைக்குக் கீழே ஒரு பிளாஸ்டிக் நாற்காலி, தினமும் இந்தக் கூத்து.

அந்த உத்தரவு வந்த அன்று அவரும் கோர்ட்டில்தான் இருந்தார். “அண்ணனால உயிருக்கு ஆபத்துங்க” என்று தங்கை தேம்பினாள். வராந்தாவில் வானத்துக்கும் பூமிக்கும் குதித்த அண்ணன், “போலீஸ் பாதுகாப்புக் கொடுக்க ஆட்சேபம் உண்டா?” என்று நீதிபதி கேட்டதும், “இல்லீங்க” என்று கைகட்டி நின்றான். கோர்ட் என்றால் எந்தப் புலியும் பூனைதான் என்று ஏட்டு நினைத்துக்கொண்டார்.

“கீழ போடுய்யா அதை! கேஸ் முடியறவரைக்கும் இங்க யாரும் ஒரு செங்கல்கூட வைக்கக் கூடாது. நீயும் கூடாது, அவளும் கூடாது.”

அவர் சொல்லி வாயை மூடவில்லை, தெருமுனையில் புல்டோசர் உறுமியது. முன்னால் வந்த காரிலிருந்து கட்டட முதலாளி இறங்கினார். சுற்றியிருந்த மனைகளையெல்லாம் மிரட்டியே வேலி போட்டு விழுங்கிய மனிதர். யார் அவர்மேல் புகார் கொண்டுவந்தாலும், “இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போ” என்பதுதான் ஸ்டேஷனில் வழக்கமான பதில்.

“ஏட்டையா, அதுங்க அடிச்சுக்கட்டும். நான் பாட்டுக்கு வேலியைப் போட்டுட்டுப் போயிடறேன்.”

“யோவ், இது எங்க வீட்டுச் சண்டை!” தங்கை சீறினாள். “வெளியாளுக்கு இங்க என்னய்யா வேலை?”

“முடியாதுங்க. கோர்ட் உத்தரவு” என்றார் ஏட்டு.

முதலாளி சிரித்துக்கொண்டே இன்ஸ்பெக்டருக்குப் போன் போட்டார். ஸ்பீக்கரில் இன்ஸ்பெக்டரின் குரல் நடுங்கியது.

“சார், உங்களுக்குப் புண்ணியமா போகும், வேணாம். அங்க ஒரு கல்லு நகர்ந்தாலும் ஜட்ஜ் என் காக்கியை உருவிடுவாரு.”

“எத்தனை நாளைக்குய்யா?”

“கூடப்பிறந்தவங்க சண்டை சார். யாராவது ஒருத்தர் விட்டுக்கொடுத்தாத்தானே கேஸ் முடியும்? ரெண்டும் விடாக்கண்டனா இருக்குதுங்களே!”

முதலாளியின் முகம் கருத்துப்போனது. புல்டோசர் வந்த வழியே திரும்பியது. அத்தனை பெரிய மனிதர் மூக்கறுபட்டுப் போவதைப் பார்க்க ஏட்டுக்கும் உள்ளுக்குள் கொஞ்சம் குஷிதான். ஆனாலும் காட்டிக்கொள்ளவில்லை.

முகம் கழுவலாம் என்று தகரக் கொட்டகைக்குப் பின்னால் இருந்த குழாயடிக்கு நடந்தார். கொட்டகைக்குள் அண்ணன் தங்கை இருவரின் குரலும் கேட்டது. ஐயையோ, மறுபடியும் ஆரம்பித்துவிட்டார்களா? லத்தியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு தகர இடுக்கு வழியாக எட்டிப் பார்த்தார்.

தங்கை அண்ணன் தட்டில் சோறு போட்டுக்கொண்டிருந்தாள்.

“அண்ணே, நாளைக்கு இன்னும் கொஞ்சம் கேவலமா திட்டு. ஏட்டையாவுக்குச் சந்தேகம் வந்துடப் போகுது!”