சீட்டில்லாத பை

"ஸ்டாருக்கு இன்னும் விஷயம் தெரியாதா?" மேக்கப் அறை வாசலில் உதவி இயக்குநர் காதோடு கேட்டார்.

தெரியாது என்று உதட்டைப் பிதுக்கினாள் ஊசியக்கா. யூனிட் முழுக்க அந்தக் காஸ்ட்யூமரை அப்படித்தான் கூப்பிடும். அவள் கையில் இரண்டு துணிப் பைகள். ஒன்றில் 'ஜோடி' என்று சீட்டு, மற்றதில் சீட்டே இல்லை.

"சொல்ல வேண்டிய டைரக்டர் எங்க?"

"லொகேஷன் பார்க்கணும்னு நழுவிட்டாரு. உங்க கையால குடுத்தா ஸ்டாருக்குக் கோபம் வராதாம்க்கா."

"ஆமா, வராது! போன படத்துல ஒரு மடிப்பு சரியில்லன்னு ரெண்டு பேரை வீட்டுக்கு அனுப்பின ஆளாச்சே. இன்னிக்கு என் சீட்டும் கிழிஞ்சுது, போ."

இந்திப் படவுலகில் அந்த ஜோடிக்கு இது ஒன்பதாவது படம். முதல் படத்தில் இருவருக்கும் தலையிலிருந்து கால்வரை ஒரே மஞ்சள். அப்போது நாயகிக்குப் பத்தொன்பது, கல்லூரி மாணவனாக வந்த நாயகனுக்கு முப்பத்தைந்து! நான்காவதில் தோல் ஜாக்கெட்டும் கிழிந்த ஜீன்ஸும், ஏழாவதில் மூச்சுமுட்ட ஜரிகை, போன படத்தில் ஒன்றுக்கொன்று ஒட்டவே ஒட்டாத நிறங்கள். எதைப் போட்டாலும் மறுவாரமே ஊரில் பாதி ஜோடிகள் அதை மாட்டிக்கொண்டு திரியும். எல்லாமே ஊசியக்காவின் 'ஜோடி'ப் பையிலிருந்து வந்தவைதான்.

சீட்டில்லாத பையில் இருந்தவை வேறு. சாம்பல் நிற ஸ்வெட்டர், சால்வை, மூக்குக்கண்ணாடி, நரைத்த விக். நேற்று அந்த ஸ்வெட்டரின் வலது பக்கத்தில் கடைசிப் பொத்தானைத் தைக்கும்போது ஊசி அவள் விரலிலேயே ஏறிவிட்டது. பாவம், அத்தனை பயம்.

கதவைத் தள்ளினாள். நாயகனும் நாயகியும் பக்கத்துப் பக்கத்து நாற்காலிகளில் கண்ணாடி பார்த்து உட்கார்ந்திருந்தார்கள்.

"வாக்கா! இந்தத் தடவை என்ன கலர்?" என்று நாயகன் எட்டி, கைக்குக் கிடைத்த பையைப் பிடுங்கிக் கவிழ்த்தான். நரைத்த விக் அவன் மடியில் விழுந்தது.

மேக்கப்மேன் பிரஷ்ஷைக் கீழே வைத்துவிட்டு வெளியே போய்விட்டார்.

நாயகன் விக்கைப் பார்த்தான், நாயகியைப் பார்த்தான். "அடப்பாவமே, உனக்கு அம்மா வேஷமா?"

நாயகி முகம் வெளுத்துவிட்டது.

"மனசை விட்டுடாத. உனக்கும் முப்பத்தொம்பது ஆச்சுல்ல? நான் வேணா டைரக்டர்கிட்ட பேசிப் பார்க்கிறேன்." குரலில் அக்கறை வழிந்தது. "ஆமா, எனக்கு ஜோடி யாருக்கா? சின்னப் பொண்ணா?"

ஊசியக்கா 'ஜோடி'ப் பையை மேஜைமேல் வைத்தாள். உள்ளே ஒரு பச்சை கவுன், பச்சையில் ஒரு சட்டை.

நாயகன் சட்டையைத் தன் நெஞ்சில் வைத்துப் பார்த்தான். பாதி வயிற்றைக்கூட அது மூடவில்லை. "என்னக்கா, அளவைத் தப்பா எடுத்துட்டியே?"

நாயகி கவுனைத் தன்மேல் வைத்துப் பார்த்தாள். அச்சாகப் பொருந்தியது. மெல்லக் குனிந்து ஸ்வெட்டரை எடுத்து, இரண்டு விரலால் பொத்தான் வரிசையைத் தடவினாள். இருபது வருடமாக இந்தத் துணிகளோடு புழங்கியவளாயிற்றே. எழுந்து அவன் பின்னால் போய் ஸ்வெட்டரை விரித்துப் பிடித்தாள்.

"பொத்தான் ஆம்பளைங்க பக்கம் இருக்கு. கையை நீட்டுங்க, அப்பா!"