ஏழாவது வெட்டு

முதல் வெட்டிலேயே அவள் சுண்டுவிரல் நகம் பிய்ந்தது.

மரவாள்தான். எலும்புக்கு அந்த வித்தியாசம் தெரியாது.

இரண்டு. மூன்று. மொரிதா அவளைச் சுவர் வரை தள்ளிக்கொண்டு போனான். நான்காவதில் அவள் வாளின் பிடி அவன் உதட்டைக் கிழித்தது. துப்பினான். பலகைத் தரையில் சிவப்பு.

சுவரோரம் மண்டியிட்டிருந்த மாணவர்கள் அசையவில்லை. ஆசான் நிறுத்தச் சொல்லவில்லை.

இந்த வாள்பயிற்சி வரிசைக்கு ஏழு வெட்டு. ஏழாவதில் மூத்தவர் வாளைத் தாழ்த்தி, தலையைக் காட்டி நிற்க வேண்டும். இளையவர் ஓங்கி இறக்கி, நெற்றிக்கு ஒரு விரற்கடை மேலே நிறுத்த வேண்டும். வழக்கமாக அரை வேகம்தான்.

இரண்டு வருடத்துக்கு முன் தலையைக் காட்டி நின்றது அவள் அண்ணன் ஷுன். இறக்கியது மொரிதா.

வாள் நிற்கவில்லை.

"முழு வேகத்துல வரச் சொன்னதே ஷுன்தாங்க. அந்த வேகத்துல எவனாலயும் நிறுத்த முடியாது" என்றான், விசாரிக்க வந்தவர்களிடம். ஆசானும் தலையாட்டினார்.

ஷுனுக்குத் தருவதாக இருந்த தேர்ச்சிச் சுருள் அந்த மாதமே மொரிதா வீட்டுக்குப் போயிற்று.

இன்று காலையும் அண்ணனுக்குச் சட்டைப் பொத்தான் போட்டுவிட்டுத்தான் வந்தாள். "நீங்க யாரு?" என்றான், மரியாதையாக.

ஐந்து. அவள் விலாவில் ஏதோ முறிந்தது.

ஆறு. அவள் வாள் அவன் மணிக்கட்டில் ஓங்கி விழுந்தது. அவன் வாள் தாழ்ந்தது.

தலை திறந்திருந்தது.

மொரிதா அவள் கண்ணைப் பார்த்தான். புரிந்துவிட்டது. கண்ணை இறுக மூடிக்கொண்டான்.

ஏழு.

முழு வேகம். அன்றைய வேகத்துக்கும் மேலே.

அவன் முன்மயிர் எழுந்து அடங்கியது.

நெற்றிக்கு மேலே ஒரு விரற்கடை. வாள் நடுங்கக்கூட இல்லை. அவள் விரலிலிருந்து ஒரு சொட்டு மட்டும் வாள் வழியே ஓடி அவன் மூக்கில் விழுந்தது.

இரண்டு வருடம் வீட்டுக் கொல்லையில், கம்பத்தின் மேல் முட்டை வைத்துப் பழகியது. முதல் மாதம் அத்தனையும் உடைந்தன. கடைசி மாதம் ஒன்றுகூட இல்லை.

"நிறுத்த முடியுதே, மொரிதா சான்."

மெதுவாகத்தான் சொன்னாள். கூடம் முழுக்கக் கேட்டது.

மொரிதா கண்ணைத் திறந்தான். அவளைப் பார்க்கவில்லை. ஆசானைப் பார்த்தான்.

ஆசான் இந்த முறை தலையாட்டவில்லை.